ப்ரெட் மெஷின்ல ஹல்லா: எல்லாரும் கேக்குற கேள்விங்க, எனக்குத் தெரிஞ்ச பதில்

நான் இருக்கிறது நியூஜெர்சில, ஹைலண்ட் பார்க் பக்கம். கார எடுத்தா கொஞ்ச நேரத்துல எடிசன், அங்க நம்மூர் மளிகை, இட்லி மாவு, முருங்கைக்கா எல்லாம் கிடைக்கும். எங்க தெருவுல பாதி வீடு யூதக் குடும்பங்க. வெள்ளிக்கிழமை மதியம் நடந்தா முட்டையும் சர்க்கரையும் சேர்ந்து வேகுற ஒரு வாசனை வரும் பாருங்க, அதுல விழுந்ததுதான் நான். ஆறு வருஷமா அனேகமா வாரம் ஒரு ஹல்லா ரொட்டி போடுறேன், மெஷின் வெச்சுதான், கையால பிசைய எனக்கு மணிக்கட்டு ஒத்துழைக்காது. தெரிஞ்சவங்க சுத்திச் சுத்தி இதே கேள்விங்கதான் கேக்குறாங்க, அதனால எல்லாத்தையும் ஒரே இடத்துல எழுதிப்போட்டுட்டேன்.

சல்லாவா ஹல்லாவா? அப்படின்னா என்ன?

ஹல்லா. அதுவும் மெல்லிசான ஹ இல்ல, தொண்டைய லேசா செருமுற மாதிரி வரணும். யூதர்கள் வெள்ளி சாயங்காலம் தொடங்குற சபாத்துக்கு (அவங்களோட வார ஓய்வு நாள்) வைக்கிற ரொட்டி, முட்டை, எண்ணெய், கொஞ்சம் இனிப்பு போட்டு ஜடை மாதிரி பின்னினது. உண்மையில அந்த வார்த்தை ரொட்டிக்கு வந்த பேரே இல்ல, பைபிள்ல எண்ணாகமம் 15ல மாவுல ஒரு பங்க எடுத்து வைக்கணும்னு சொல்லியிருக்கு, அந்தப் பங்குக்குத்தான் ஹல்லான்னு பேரு. அப்புறம் நடு ஐரோப்பா பக்கம் அந்தப் பேரு ரொட்டிக்கே ஒட்டிக்கிச்சு. தெற்கு ஜெர்மனி யூதர்கள் இதையே பெர்ஹெஸ்ஸுன்னு சொல்லுவாங்க.

மேசையில எப்பவும் ரெண்டா வைப்பாங்க. பைபிள் கதையில வனாந்தரத்துல வானத்துலருந்து விழுந்த மன்னாங்கிற சாப்பாடு வெள்ளிக்கிழமை மட்டும் ரெட்டிப்பா விழுந்துச்சுல்ல, அந்த ஞாபகம். ரொட்டி மேல ஒரு துணி போட்டு மூடியிருக்கும். அதுக்கு ஒரு காரணம் சொல்லுவாங்க, எனக்கு ரொம்பப் பிடிச்சது அது. முதல்ல திராட்சை ரசத்துக்குத்தான் ஆசீர்வாதம் சொல்லணும், நம்மள விட்டுட்டாங்களேன்னு ரொட்டி சங்கடப்படக்கூடாதாம்!

மெஷின்லயே முழுசா பேக் பண்ணிடலாமே, எதுக்குத் தனியா அவன் (ஓவன்)?

பண்ணலாம், ருசியில பெரிய குத்தம் இருக்காது. ஆனா வெளிய வர்றது ஒரு செங்கல். பின்னல் இல்ல, அடியில மாவு பிசையற பிளேடு போட்ட ஓட்டை, முட்டையும் சர்க்கரையும் இருக்கிறதால சுத்துப்பக்கம் சீக்கிரம் கருத்துடும். என் கருத்து என்னன்னா மெஷின வேலைக்காரியா வெச்சுக்கோங்க, சமையல்காரியா வெச்சுக்காதீங்க. பிசையறதும் முதல் தடவை பொங்க வைக்கிறதும் அது பார்க்கட்டும், உருட்டிப் பின்னி அவன்ல வைக்கிறது நம்ம வேலை.

அவனே இல்லாதவங்களுக்கு ஒரு குறுக்குவழி இருக்கு. கடைசித் தடவை மாவ அமுக்கிவிட்டு மெஷின் ஓய்வெடுக்குற சமயம் மாவ வெளிய எடுத்து, பிளேட கழட்டிட்டு, மாவ குட்டையா குண்டா ஒரு பின்னல் போட்டு திரும்ப பேன்ல வெச்சுடுங்க. லைட் க்ரஸ்ட் அமுக்கியிருக்கணும். மேல பாத்தா பின்னல் தெரியும், பக்கவாட்டுல செங்கல்தான்.

மெஷின் பிசையறது கைப்பக்குவத்துக்கு ஈடாகுமா?

ஆகும். இதுக்கு ஒரு கதையே இருக்கு. 1980கள்ல ஜப்பான்ல மட்சுஷிடா கம்பெனி, அதான் பானாசோனிக், வீட்டு ப்ரெட் மெஷின் செய்யப் பார்த்து மாவு சரியாவே வரல. இகுகோ தனாகான்னு அங்க சாஃப்ட்வேர் வேலை பார்த்த அம்மா ஒசாகா இன்டர்நேஷனல் ஹோட்டல் தலைமை பேக்கர்கிட்ட போய் பிசையக் கத்துக்கிட்டாங்க. அவர் மாவ இழுக்குறது மட்டுமில்ல, இழுக்குறப்பவே ஒரு முறுக்கும் குடுக்குறாருன்னு கவனிச்சாங்க. அந்த முறுக்கு வர்றதுக்காக பேன் உள்சுவர்ல புடைப்பு வெச்சாங்க, 1987ல மெஷின் கடைக்கு வந்துச்சு. உங்க பேனுக்குள்ள விரல விட்டுப் பாருங்க, சுவர்ல ஒரு மேடு இருந்தா அதுக்கு வேலை இதுதான்.

அளவு சொல்லுங்க, கப் கணக்குல வேணாம்.

கப் கணக்கு நானும் சொல்லமாட்டேன், ஒரு தராசு வாங்கிடுங்க. ப்ரெட் ஃப்ளோர் (புரதம் ஜாஸ்தியா இருக்கிற ரொட்டி மாவு) 500 கிராம், தண்ணி 160 மில்லி, முட்டை 2 (ஓடு நீக்கி சுமாரா 100 கிராம்), வாசனை இல்லாத எண்ணெய் 60 மில்லி, சர்க்கரை 60 கிராம், உப்பு 9 கிராம், இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 7 கிராம். மேல பூச தனியா ஒரு முட்டை. மொத்தம் 890 கிராம் மாவு வரும், நடுத்தரமா ரெண்டு ரொட்டி, இல்ல பெருசா ஒண்ணு.

தேன் போடுறவங்க சர்க்கரைக்குப் பதிலா 75 கிராம் தேன் போட்டு தண்ணில 10 மில்லி குறைச்சுக்கோங்க. உங்க மெஷின் சின்னதா இருந்தா, அதாவது 400 கிராம் மாவுக்கு மேல போடாதன்னு புக்லெட்ல இருந்தா, எல்லாத்தையும் அஞ்சுல நாலு பங்கா குறைங்க. நான் ஒரு தடவை ஆசைப்பட்டு 700 கிராம் போட்டேன், மாவு மூடியத் தள்ளிக்கிட்டு வெளிய வந்து ஹீட்டிங் ராடு மேல வழிஞ்சு, மூணு நாளைக்கு வீடு பூரா கருகல் நாத்தம்.

முட்டைய ஒவ்வொண்ணா தனி கிளாஸ்ல உடைச்சுப் பார்த்து அப்புறம் பேன்ல ஊத்துங்க. யூத வீடுகள்ல ரத்தப்பொட்டு இருந்தா அந்த முட்டைய தூக்கிப் போட்டுடுவாங்க, அதுக்காகவே கண்ணாடி கிளாஸ் வெச்சிருப்பாங்க. நமக்கு அந்த விதி இல்லைன்னாலும் கெட்டது ஒண்ணு உள்ள போய் அரைக் கிலோ மாவு வீணாகாம இருக்கும்ல.

எத முதல்ல போடணும்?

நிறைய மெஷின்ல தண்ணி, முட்டை, எண்ணெய் கீழ, மாவு மேல, மாவுல குழி பண்ணி ஈஸ்ட். பானாசோனிக் தலைகீழ், ஈஸ்டும் மாவும் அடியில, தண்ணி கடைசியில. உங்க புக்லெட் சொல்றதக் கேளுங்க. உப்பு மட்டும் ஈஸ்ட்டுக்குப் பக்கத்துல வேணாம், ஒரு மூலையில போடுங்க.

மெஷின் ஓடும்போது மூடி திறக்கலாமா?

திறங்க! தயவுசெஞ்சு திறங்க. இந்தப் பக்கத்துல ஒரே ஒரு பதில்தான் படிப்பேன்னா இதப் படிங்க. பேக் ஆகும்போதுதான் திறக்கக்கூடாது, பிசையும்போது தாராளமா திறக்கலாம், திறந்தே ஆகணும்.

மாவு ஓட ஆரம்பிச்சு ஏழெட்டு நிமிஷத்துல போய் எட்டிப் பாருங்க. ஒரே உருண்டையா, பளபளன்னு, பிளேட சுத்தி வந்துக்கிட்டு, அடியில மட்டும் ஒரு ரூபா காசு அளவுக்கு லேசா ஒட்டிக்கிட்டு இருக்கணும். சப்பாத்தி மாவ விட ஒரு சுத்து தளர்வு, பரோட்டா மாவு அளவுக்கு தளர்வு வேணாம். உருண்டையே ஆகாம பஜ்ஜி மாவு மாதிரி சுவர்ல அப்பிக்கிட்டு இருந்தா ஒரு டேபிள்ஸ்பூன் மாவு தூவி ரெண்டு நிமிஷம் காத்திருங்க, அப்புறம்தான் அடுத்த ஸ்பூன். உருண்டை சுவர்ல டொக்கு டொக்குன்னு மோதுற சத்தம் கேட்டா அது வறண்டு போச்சுன்னு அர்த்தம், ஒரு டீஸ்பூன் தண்ணி விடுங்க, ஒரே ஒரு டீஸ்பூன்.

முட்டை ஒண்ணு 45 கிராமும் இருக்கும், 60 கிராமும் இருக்கும், மழைக்காலத்து மாவும் ஹீட்டர் போட்ட வீட்டு மாவும் ஒண்ணு இல்ல, இதெல்லாம் மெஷினுக்குத் தெரியாது, அது பாட்டுக்கு சுத்தும். எல்லாத்தையும் போட்டுட்டு பட்டன அமுக்கிட்டு சீரியல் பார்க்கப் போயிட்டு அப்புறம் ரெசிபி சரியில்லன்னு சொல்றவங்கதான் ஜாஸ்தி.

வெண்ணெய், பால் போட்டா இன்னும் நல்லா இருக்குமே?

மெத்துன்னு இருக்கும், ஆனா அது ப்ரியோஷ் (வெண்ணெய் போட்ட பிரெஞ்சு ரொட்டி) பக்கம் போயிடும். கோஷர்ங்கிற யூத சாப்பாட்டு விதிப்படி கறியும் பாலும் ஒண்ணா சாப்பிடக்கூடாது. வெள்ளி ராத்திரி விருந்துல பெரும்பாலும் கோழியோ மாட்டுக்கறியோ இருக்கும், ரொட்டியில பால் இருந்தா மேசைக்கே வர முடியாது. அதனாலதான் எண்ணெய், அதனாலதான் தண்ணி. எண்ணெய் போட்டதால மறுநாளும் சீக்கிரம் விறைக்காம இருக்கும், அது ஒரு வசதி.

மைதால வருமா? கோதுமை மாவு?

மைதால வரும், தண்ணிய 10, 15 மில்லி குறைச்சு ஆரம்பிங்க, ப்ரெட் ஃப்ளோர் அளவுக்கு புரதம் இல்லாததால பின்னல் கொஞ்சம் தளர்ந்து பரவும், அவ்வளவுதான். சப்பாத்தி ஆட்டா மூணுல ஒரு பங்கு வரைக்கும் சேர்க்கலாம். முழுக்க ஆட்டாவுல போட்டுட்டு என்கிட்ட வராதீங்க.

நாங்க சைவம், முட்டை இல்லாம?

தாராளமா. முட்டை இல்லாத ஹல்லா நாமளா கண்டுபிடிச்சது இல்ல, வாசர் ஹல்லான்னு யூதர்கள்கிட்டயே இருக்கு, தண்ணி ஹல்லான்னு அர்த்தம். தண்ணிய மொத்தம் 260 மில்லியா ஆக்கிட்டு மத்ததெல்லாம் அப்படியே. மஞ்சள் நிறம் வராது, அதுக்காக மஞ்சத்தூள் போடாதீங்க, நான் போட்டுப் பார்த்தேன், சாம்பார் வாசனை. மேல பளபளப்புக்கு பால் பூசலாம், இல்ல வெந்து வந்ததும் சூட்டோட சர்க்கரைத் தண்ணி தடவலாம்.

ராத்திரி டைமர் வெச்சுட்டு தூங்கிடலாமா?

முட்டை போட்ட மாவுக்கு டைமர் வேணவே வேணாம், பச்சை முட்டை ராத்திரி பூரா வெளிய இருக்கக்கூடாது. ஆனா ஏன் இந்தக் கேள்வி வருதுன்னு புரியுது. சபாத் தொடங்கிட்டா பிசையறது, பேக் பண்றது, அடுப்பு பத்த வைக்கிறது எதுவும் கூடாது, எல்லாம் வெள்ளிக்கிழமை சூரியன் இறங்குறதுக்கு முன்னாடியே முடியணும். மெழுகுவர்த்தியே வழக்கமா அஸ்தமனத்துக்கு 18 நிமிஷம் முன்னாடி ஏத்திடுவாங்க. டிசம்பர்ல இங்க நாலரைக்கெல்லாம் இருட்டிடும், வேலைக்குப் போறவங்க என்ன பண்ணுவாங்க?

வியாழன் ராத்திரி டோ சைக்கிள்ல போட்டு (பிசைஞ்சு பொங்க வெச்சு, பேக் பண்ணாம நிறுத்துற செட்டிங், ஒன்றரை மணி நேரம்தான், சில மெஷின்ல ரெண்டு மணிக்கு மேல) மாவ எண்ணெய் தடவின டப்பாவுல மாத்தி ஃப்ரிட்ஜ்ல வெச்சுடுவாங்க. ஒரு நாள் வரைக்கும் தாங்கும். குளிர்ந்த மாவு உருட்டவும் சுலபம், ருசியும் ஒரு படி மேல. ஆனா ரெண்டாவது தடவை பொங்க ஒண்ணரை ரெண்டு மணி நேரம் ஆகும், அத கணக்குல வெச்சுக்கோங்க.

பின்னல்தான் வரமாட்டேங்குது.

பள்ளிக்கூடம் போற பொண்ணுக்கு ஜடை போட்டவங்களுக்கு இது தண்ணிபட்ட பாடு. மாவ ரெண்டாப் பிரிச்சு, ஒவ்வொண்ணையும் மூணு துண்டாக்குங்க, துண்டு ஒண்ணு 148 கிராம். தராசுல போட்டுப் பாருங்க, கண்ணளவுல பண்ணா ஒரு கால் தடியா ஒரு கால் ஒல்லியா வரும். ஒவ்வொரு துண்டையும் உள்ளங்கையால தட்டையா அமுக்கி காத்தெல்லாம் வெளியேத்தி, பாய் சுருட்டுற மாதிரி சுருட்டி, அப்புறம் கயிறா உருட்டுங்க. உருட்டும்போது ரப்பர் மாதிரி பின்னுக்கு இழுத்தா சண்டை போடாதீங்க, மேல துணியப் போட்டு பத்து நிமிஷம் விட்டுட்டா தானா வழிக்கு வரும். நடு தடியா, ரெண்டு முனையும் கூரா இருக்கணும். கயிறு மேல ஒரு சிட்டிகை மாவு தூவிக்கிட்டா வெந்தப்புறமும் ஒவ்வொரு காலும் தனியாத் தெரியும்.

இறுக்கமா பின்னாதீங்க. தலைமுடி பொங்காது, இது பொங்கும்.

ஆறு கால் பின்னல் ஆசையிருந்தா ஆறு கயிறையும் மேல் முனையில ஒட்டி வரிசையா வெச்சுக்கோங்க. வலது ஓரத்துக் கால எடுத்து ரெண்டுக்கு மேல, ஒண்ணுக்கு கீழ, ரெண்டுக்கு மேல விட்டு இடது ஓரத்துக்குக் கொண்டு போங்க. மறுபடி வலது ஓரம். மறுபடி வலது ஓரம். முடியற வரைக்கும் வேற ஒண்ணுமே இல்ல. ஆறு கால் ரொட்டி ரெண்டு சேர்ந்தா பன்னிரண்டு, பழைய எருசலேம் ஆலயத்துல வெச்ச பன்னிரண்டு சமூக அப்பத்துக்கு (கடவுள் சன்னிதியில வைக்கிற ரொட்டி) ஞாபகம்னு சொல்லுவாங்க.

மாவுல கொஞ்சம் கிள்ளி எறியணும்னு சொல்றாங்களே?

எறியறது இல்ல. முன்ன சொன்னேனே ஹல்லாங்கிற பங்கு, அதுதான். ஒரு ஆலிவ் காய் அளவு கிள்ளி ஆசீர்வாதம் சொல்லி ஃபாயில்ல சுத்தி எரிச்சுடுவாங்க. அந்தக் காலத்துல அது ஆலயத்து ஆசாரியர்களுக்குப் போன பங்கு. ஆனா எல்லா மாவுக்கும் இது கிடையாது. பிசையாத மாவு சுமாரா 1.2 கிலோவுக்குக் கீழ இருந்தா எடுக்கத் தேவையில்ல, ஆசீர்வாதத்தோட எடுக்கணும்னா பரவலா 1.67 கிலோ கணக்கு, சிலர் 2.25 கிலோ வரைக்கும் சொல்லுவாங்க. நம்ம மெஷின் 500 கிராம்ல நின்னுடுதே? அதுக்கும் வழி வெச்சிருக்காங்க, மெஷின்ல மூணு நாலு ஈடு போட்டு எல்லா மாவையும் ஒரே பாத்திரத்துல வெச்சு துணி போட்டு மூடிட்டா ஒரே மாவா கணக்கு.

அவன்ல எப்போ வைக்கிறது, வெந்துச்சுன்னு எப்படி தெரியும்?

பின்னி வெச்சு முக்கால் மணியிலருந்து ஒரு மணி நேரம். விரலால லேசா அமுக்குங்க, குழி மெதுவா, அரை மனசா திரும்பி வந்தா சரி. டக்குனு திரும்பினா இன்னும் நேரம் இருக்கு, திரும்பவே இல்லைன்னா தாண்டிடுச்சு, உடனே உள்ள தள்ளுங்க.

முட்டைய ஒரு சிட்டிகை உப்பு போட்டு நல்லா அடிச்சு (உப்பு போட்டா முட்டை நீர்த்துப் போய் சீரா பரவும்) பின்னி முடிச்சதும் ஒரு தடவை, அவன்ல வைக்கும் முன்னாடி ஒரு தடவை பூசுங்க. மேல எள்ளோ கசகசாவோ. துபாய்ல இருக்கவங்க கசகசா பக்கமே போகாதீங்க, அங்க அதுக்குத் தடை, எள்ளு போதும். 180 டிகிரி செல்சியஸ்ல நடுத்தர ரொட்டி 25 நிமிஷம் சுமார், பெருசு 30லருந்து 35. ஃபேன் அவனா இருந்தா 20 டிகிரி குறைங்க. நிறம் சீக்கிரம் வந்துடும், அத நம்பி எடுத்துடாதீங்க, நடுவுல மாவாவே இருக்கும். மேல ஃபாயில் போட்டுட்டு தொடருங்க. தெர்மாமீட்டர் இருந்தா நடுவுல குத்திப் பாருங்க, 88லருந்து 90 டிகிரி வந்தா வெந்தாச்சு.

பின்னல் நடுவுல வெள்ளையா கிழிஞ்சு வருது.

அவன்ல போனதும் ரொட்டி ஒரு குதி குதிக்கும், அப்ப முட்டை படாத இடம் வெளிய தெரியும். 15 நிமிஷத்துல வெளிய இழுத்து அந்த வெள்ளை மேல மட்டும் ஒரு பூச்சு குடுங்க. நிஜமாவே கிழிஞ்சிருந்தா ரெண்டாவது பொங்கல் போதல, இல்ல பின்னல் இறுக்கம்.

ரோஷ் ஹஷானாவுக்கு வட்டமா செய்வாங்களாமே?

ஆமா, யூதப் புத்தாண்டு, செப்டம்பர் இல்ல அக்டோபர்ல வரும். ஒரே நீளக் கயிறா உருட்டி நத்தை மாதிரி சுத்தி வைக்கிறது சுலபம். திராட்சை போடுவாங்க, தேன் தொட்டு சாப்பிடுவாங்க. திராட்சைய மெஷின் பீப் அடிக்கும்போது போடுங்க, முதல்லயே போட்டா அரைஞ்சு மாவே பழுப்பாயிடும்.

யூத நண்பருக்கு நம்ம வீட்டு ஹல்லா குடுக்கலாமா?

முதல்ல கேட்டுக்கோங்க. நான் கேக்கல. முதல் தடவை உருப்படியா வந்த ரொட்டிய சுடச்சுட துணியில சுத்தி பக்கத்து வீட்டம்மாகிட்ட கொண்டு போய் நீட்டினேன். எழுபது வயசு இருக்கும் அவங்களுக்கு. வாங்கி, மூக்குகிட்ட வெச்சு மோந்து பார்த்து, திருப்பி அடியத் தட்டிப் பார்த்து, டொப்பு டொப்புன்னு சத்தம் வந்ததும் தலைய ஆட்டினாங்க. அப்புறம் என் கையிலயே திருப்பிக் குடுத்து, ரொம்ப அழகா இருக்கு, ஆனா உன் அவன் கோஷர் இல்லையே கண்ணு, நான் சாப்பிட முடியாதேன்னு சொன்னாங்க. எங்க பாட்டி மடி ஆச்சாரம் பார்த்தவங்க, அடுப்படி வாசப்படியத் தாண்டவிடாம வளர்த்தாங்க, அதனால எனக்கு இது புரியாத விஷயம் இல்ல. அடுத்த வெள்ளிக்கிழமை அவங்களே என் அடுப்படிக்கு வந்து, என் மாவுல, ஆறு கால் பின்னல் சொல்லிக் குடுத்தாங்க. பின்னி முடிச்சு, கைய நல்லா கழுவிட்டு, ஒரு வாய் காப்பி கூட குடிக்காம கிளம்பிட்டாங்க. எல்லா யூதக் குடும்பமும் இப்படி இல்ல, கோஷர் பார்க்காதவங்க ஏகப்பட்ட பேர், அவங்க சந்தோஷமா வாங்கிக்குவாங்க.

மிச்சமானத என்ன பண்றது?

ஃப்ரெஞ்ச் டோஸ்ட்டுக்கு இத மிஞ்ச ஒண்ணும் கிடையாது, அதுவும் ரெண்டு நாள் பழசா இருந்தா இன்னும் நல்லது. இல்ல முழுசா ஆறவிட்டு ரெட்டையா சுத்தி ஃப்ரீசர்ல வைங்க, ஒரு மாசம் தாராளமா இருக்கும்.

பிளேடு மாவோடவே வந்துடுது, கவனிக்காம பின்னிட்டேன்னா?

சிரிக்காதீங்க, எனக்கு நடந்திருக்கு. அவன்லருந்து எடுத்து அறுக்கும்போதுதான் கத்தி டங்குன்னு நின்னுச்சு. இப்பல்லாம் மாவ வெளிய கொட்டினதும் முதல் வேலை, பேன் அடியில பிளேடு இருக்கான்னு பார்க்குறது, இல்லைன்னா மாவுக்குள்ள கைய விட்டுத் தேடுறது.